ஈட்டன்ஸ்: ஒரு குடும்ப வணிகத்தின் 130 ஆண்டுகள்

ஆடை, அறைகலன், பாத்திரம், பொம்மை எனப் பலவகைப் பொருள்களையும் தனித்தனிப் பிரிவுகளாக ஒரே கூரையின்கீழ் விற்கும் பெருங்கடைகளில், ஒரு நாட்டின் அன்றாட வாழ்க்கையோடு கனடாவின் ஈட்டன்ஸ் அளவுக்குப் பின்னிப் பிணைந்தவை மிகச் சிலவே. வட அயர்லாந்தின் பாலிமீனா ஊருக்கு அருகே பிறந்து, 1854இல் கனடாவுக்குக் குடிபெயர்ந்த டிமோத்தி ஈட்டன், 1869இல் டொராண்டோவின் யங் தெருவில் தொடங்கிய துணிக்கடையே அதன் தொடக்கம்.

அன்றைய கனடியக் கடைகளில் விலை பேரத்தால் முடிவாயிற்று. பெரும்பாலான பொருள்கள் அறுவடைக்குப் பின் தீர்க்கும் கடனாகவே கைமாறின. ஈட்டன் இவ்விரண்டையும் விலக்கி, எல்லோருக்கும் ஒரே விலை, ரொக்கம் மட்டுமே, பொருள் பிடிக்காவிட்டால் பணம் வாபஸ் என்று அறிவித்தார். வாராக் கடனைக் கழித்துக்கட்டியதால் விலையைக் குறைக்கவும், பணத்தைத் திருப்பித் தரும் உறுதியால் நம்பிக்கையைப் பெறவும் அவரால் முடிந்தது.

1884இல் வெளிவரத் தொடங்கிய விலைப்பட்டியல் நூல் இந்த நம்பிக்கையைக் கடைவாசல் மிதிக்காதவர்களிடமும் கொண்டு சேர்த்தது. படமும் விலையும் பார்த்து அஞ்சலில் பணம் அனுப்பினால் பொருள் இரயிலில் வந்து சேரும் இம்முறை, மேற்குச் சமவெளிகளில் புதிதாகக் குடியேறிய உழவர்களுக்குப் பெருந்துணையாயிற்று. வீடு கட்டுவதற்கான வரைபடத்தையும் மரத்தையும்கூட அவர்கள் ஈட்டன்ஸிடமிருந்தே தருவித்தார்கள். பழைய பட்டியல்களைச் சிறுவர்கள் காலில் கட்டிக்கொண்டு ஹாக்கி ஆடினார்கள் என்பது எந்த விளம்பரத்தாலும் கிடைக்காத புகழ். 1905இல் வின்னிபெக்கில் பெரிய கடை எழுந்தது. 1907இல் நிறுவனர் மறைந்தபின் மகன் ஜான் கிரெய்க் ஈட்டன் பொறுப்பேற்றார். முதல் உலகப்போருக்குச் சென்ற ஊழியர்களில் மணமானவர்களுக்கு முழுச் சம்பளமும் மற்றவர்களுக்குப் பாதியும் வழங்கிய அதே நிர்வாகம், 1912இல் தையல் தொழிலாளர் நடத்திய வேலைநிறுத்தத்துக்கு இணங்க மறுத்தது என்பதையும் சேர்த்தே அதன் தாராளத்தை மதிப்பிட வேண்டும்.

இரண்டாம் உலகப்போருக்குப் பின் மக்கள் புறநகர்களுக்கு நகர்ந்தனர். 1950களில் சிம்ப்சன்ஸ்-சியர்ஸ் என்ற போட்டி நிறுவனம் அங்கும் அஞ்சல் விற்பனையிலும் காலூன்றியது. இழப்பைக் காரணம் காட்டி ஈட்டன்ஸ் 1976இல் விலைப்பட்டியலை நிறுத்த, சியர்ஸோ தன்னுடையதைத் தொடர்ந்து நடத்தி, அந்த வாடிக்கையாளர்களையும் ஈர்த்துக்கொண்டது. பங்குகள் அனைத்தும் குடும்பத்திடமே இருந்ததால் வரவு செலவை வெளியாருக்குக் காட்டும் கட்டாயம் நிறுவனத்துக்கு இருக்கவில்லை. முதலாளிகளைத் தட்டிக் கேட்கும் பங்குதாரரும் இல்லை.

நிறுவனரின் கொள்ளுப்பேரன் ஜார்ஜ் ஈட்டன் தலைமையில் 1991இல் எடுத்த முடிவு இந்தப் பின்னணியில்தான் விளங்கும். தள்ளுபடி விற்பனைகளைக் கைவிட்டு, ஆண்டு முழுவதும் ஒரே நியாய விலை என்று நிர்வாகம் அறிவித்தது. மேலோட்டமாகப் பார்த்தால் இது 1869இன் கொள்கையே; ஆனால் பேரத்தில் ஏமாறுவோமோ என்று அஞ்சியிருந்த மக்களுக்கு ஒரே விலை பாதுகாப்பாக இருந்தது, தள்ளுபடிக்குக் காத்திருந்து வாங்கவே பழகிவிட்ட அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்கோ அது சலுகை மறுப்பாகப் பட்டது. மேலும், நகர மையங்களில் பெரும் கட்டடங்களைக் கட்டிக்காத்த ஈட்டன்ஸால் மலிவு விலைக் கடைகளோடு விலையில் மோதவும் இயலவில்லை. பொருளாதார மந்தம் ஒருபுறம் வாட்ட, 1994இல் வால்மார்ட் 122 வூல்கோ கடைகளை வாங்கிக் கனடாவுக்குள் நுழைந்தது.

1997 பிப்ரவரியில் ஈட்டன்ஸ் கடன்காரர்களிடமிருந்து நீதிமன்றப் பாதுகாப்புக் கோரியது. 1998இல் முதன்முறையாகப் பொதுமக்களுக்குப் பங்குகளை விற்றது. 1999 ஆகஸ்டில் திவாலாயிற்று. பெயரையும் சில கடைகளையும் வாங்கிய சியர்ஸ் கனடா, அப்பெயரில் கடை நடத்திப் பார்த்து 2002இல் கைவிட்டது. அந்த நிறுவனமும் 2018 ஜனவரியில் தன் கடைசிக் கடைகளை மூடியது.