பட்டைப் பற்றிய படத்தில் ஒரு பருத்திப் புடவை

நாள் முழுக்கப் பட்டு நெய்கிறவன் வீட்டில் பட்டுப் புடவை இல்லை. ப்ரியதர்ஷன் இயக்கிய ‘காஞ்சிவரம்’ படத்தின் மையமே இதுதான். சுதந்திரத்துக்கு முந்தைய காஞ்சிபுரம். நெசவாளி வேங்கடமாகப் பிரகாஷ்ராஜ், மனைவி அன்னமாக ஸ்ரேயா ரெட்டி. 2007-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் சிறந்த படம், சிறந்த நடிகர் இரண்டையும் இப்படம் பெற்றது. பட்டு நெய்யும் ஊரின் கதையில் நாயகிக்குப் பருத்திப் புடவைதான். அது திரையில் செய்யும் வேலை என்ன என்பதற்கு, இழையின் இயற்பியலில் விடை இருக்கிறது.

ஒரு பட்டுக்கூட்டைப் பிரித்தால் ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் வரை அறுபடாமல் இழை வரும். மேலே படிந்திருக்கும் செரிசின் என்ற பசையைச் சோப்பு நீரில் கொதிக்கவைத்து நீக்கினால் மிஞ்சுவது ஃபைப்ராயின் என்ற புரதம். அதன் குறுக்குவெட்டு நுண்ணோக்கியில் முனை மழுங்கிய முக்கோணமாகத் தெரியும். வழவழப்பான அந்தப் பக்கங்களில் படும் ஒளி பெரும்பாலும் ஒரே திசையில் திரும்பிவருகிறது. பருத்தி இழையோ சில சென்டிமீட்டர்தான். காய்ந்ததும் தட்டையாகி முறுக்கிக்கொள்ளும். நூலாக நூற்றாலும் பிசிர் நீட்டிக்கொண்டிருக்கும். அதன்மேல் விழுந்த ஒளி நாலா பக்கமும் சிதறிவிடும்.

காஞ்சிபுரத் தறிக்காரர்களுக்கு இந்த ஒளி விளையாட்டு கைவந்த கலை. பாவில் நீலமும் ஊடையில் பச்சையும் கொடுத்தால் மயில்கழுத்து நிறம். இரண்டு இழைகளும் ஒன்றுக்கொன்று குறுக்காகக் கிடப்பதால், ஒரு கோணத்தில் நீலம் மின்னும், இன்னொரு கோணத்தில் பச்சை. கொசுவம் அசைய அசைய நிறம் மாறும். கரையில் ஜரிகை வேறு: பட்டு நூலில் வெள்ளித் தகட்டைச் சுற்றி, மேலே தங்க முலாம் பூசியது.

கல்யாண மண்டபத்துக்கு இது அழகு, ஒளிப்பதிவாளருக்குத் தலைவலி. விளக்கு ஜரிகையில் பட்டுத் தெறிக்கும் இடம் நடிகையின் முகத்தைவிடப் பல மடங்கு பிரகாசமாகிவிடும். லென்ஸில் போலரைசர் என்ற ஒளி வடிகட்டியை மாட்டினால் பட்டின் பளபளப்பு ஓரளவு அடங்கும். ஜரிகை உலோகம் என்பதால் பெரிதாக அடங்காது. பார்க்கிறவர் கண்ணோ பளிச்சென்ற இடத்துக்குத்தான் முதலில் ஓடும். பருத்திப் புடவை கட்டிய அன்னத்தின் முகத்துக்கு அந்தப் போட்டி இல்லை.

எஸ்.எஸ். மியூசிக் தொலைக்காட்சித் தொகுப்பாளராக அறிமுகமான ஸ்ரேயா, ‘திமிரு’ (2006) படத்தில் ஈஸ்வரியாகக் குரலாலும் முறைப்பாலும் அரங்கை அதிரவைத்தவர். அவரே அடுத்த சில ஆண்டுகளில் அன்னமாக அடக்கி வாசித்தார். பிறகு நீண்ட இடைவெளி. 2022-இல் ‘சுழல்’ தொடரின் காவல் ஆய்வாளர் ரெஜினா, 2023-இல் தெலுங்கு ‘சலார்’ எனத் திரும்பிவந்தார். ஆர்ப்பாட்டமான வேடங்களே அதிகம் பேசப்பட்டன. அவர் நடிப்பின் நுணுக்கத்தை அளக்க நினைப்பவருக்கு அன்னம்தான் சரியான இடம்: உதவிக்கு வசனமும் குறைவு, மினுக்கும் இல்லை, கண்ணும் தாடையும் மட்டுமே எல்லாவற்றையும் சொல்லியாக வேண்டும், சொல்கின்றன.