வானத்திலிருந்து பவழச் சாம்பல் ஏன் கொட்டியது?

1954 மார்ச் 1. பிகினி பவழத்தீவில் அமெரிக்கா வெடிக்கவைத்த ஹைட்ரஜன் குண்டின் வலு 6 மெகாடன் என்பது கணக்கு, வெடித்ததோ 15. குண்டிலிருந்த லித்தியம்-7 சும்மா கிடக்கும் என்று நம்பியிருந்தார்கள். வேக நியூட்ரான் பட்டதும் அது உடைந்து டிரிட்டியம் தந்தது, அதுவும் எரிபொருளாயிற்று.

தரையோடு வெடித்ததால் பவழப்பாறை பொடியாகி, கதிரியக்கத்தோடு மேலே போய், வெள்ளைச் சாம்பலாக இறங்கியது. லக்கி டிராகன் என்ற ஜப்பானிய மீன்பிடிப் படகின் 23 பேர் மீதும் அது படிந்தது, அதை வெறுங்கையால் அள்ளினார்கள். தோல் வெந்தது, முடி கொட்டியது. ரோங்கெலாப் தீவுக் குழந்தைகள் அதில் விளையாடினார்கள்.

சாம்பலிலிருந்த அயோடின்-131ஐ உடம்பு சாதாரண அயோடின் என்றே எடுத்துக்கொள்ளும், தைராய்டு சேர்த்துவைக்கும். குழந்தையின் தைராய்டு சின்னது, அதனால் கதிர்வீச்சின் தாக்கம் அதிகம். பல ஆண்டுகள் கழித்து ரோங்கெலாப் குழந்தைகளில் பலருக்குத் தைராய்டுக் கட்டிகள் வந்தன.