பத்து ஆண்டு தோற்காத எஸ்தர்!

மாணவச் செல்வங்களே! உங்களிடம் ஒரு கேள்வி. ஒரு விளையாட்டு வீராங்கனை ஒரு முறைகூடத் தோற்காமல் தொடர்ந்து எத்தனை ஆட்டங்களில் ஜெயிக்க முடியும்? பத்து? ஐம்பது? நூறு?

நெதர்லாந்து நாட்டைச் சேர்ந்த ஒருவர் தொடர்ந்து 470 ஆட்டங்களில் ஜெயித்திருக்கிறார்! அவர் பெயர் எஸ்தர் வெர்கீர். விளையாட்டு, டென்னிஸ். 2003-ம் ஆண்டு ஜனவரியில் ஒரு முறை தோற்றார். அதற்குப் பிறகு, 2013-ம் ஆண்டு பிப்ரவரியில் ஓய்வு பெறும் வரை, ஒற்றையர் ஆட்டத்தில் அவரை யாராலும் தோற்கடிக்க முடியவில்லை. அந்த 470 ஆட்டங்களையும் அவர் சக்கர நாற்காலியில் அமர்ந்துதான் ஆடினார்.

அந்தக் கதையைத்தான் இன்று உங்களுக்குச் சொல்லப் போகிறேன்.

எட்டு வயதில்...

எஸ்தர் 1981-ம் ஆண்டு ஜூலை 18-ந் தேதி, நெதர்லாந்தில் உள்ள வூர்டன் என்ற ஊரில் பிறந்தார். உங்களைப் போலவே ஓடியாடித் திரிந்த குழந்தைதான். ஆறு வயதில் ஒருநாள், நீச்சல் பயிற்சி முடிந்ததும் தலை சுற்றி மயங்கி விழுந்தார். மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். மூளையில் ரத்தக்கசிவு என்று தெரிந்தது.

அதன்பிறகும் உடல்நிலை சரியாகவில்லை. கழுத்திலும் முதுகிலும் தாங்க முடியாத வலி. முதுகுத்தண்டைச் சுற்றியுள்ள ரத்தக்குழாய்களில் கோளாறு என்று மருத்துவர்கள் கண்டுபிடித்தார்கள். 1990-ம் ஆண்டு ஜனவரியில் ஒன்பது மணி நேரம் அறுவை சிகிச்சை நடந்தது. உயிர் பிழைத்தார். ஆனால், இரண்டு கால்களும் செயல் இழந்துவிட்டன. மூளை இடும் கட்டளைகளைக் கால்களுக்குக் கொண்டுபோகும் பாதை முதுகுத்தண்டுக்குள்தான் இருக்கிறது. அந்தப் பாதை பழுதாகிவிட்டால், கால்களுக்குக் கட்டளை போய்ச் சேராது.

அப்போது எஸ்தருக்கு வயது எட்டு. உங்களில் பலருடைய வயது!

மறுவாழ்வு சிகிச்சையின்போது அவருக்குச் சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே விளையாடக் கற்றுக் கொடுத்தார்கள். கைப்பந்து, கூடைப்பந்து, டென்னிஸ் மூன்றையும் கற்றுக்கொண்டார். முதலில் அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது கூடைப்பந்துதான். 1997-ம் ஆண்டு ஐரோப்பிய சாம்பியன் பட்டம் வென்ற நெதர்லாந்து சக்கர நாற்காலிக் கூடைப்பந்து அணியில் அவரும் ஒருவர். அதற்குப் பிறகுதான் டென்னிசில் முழு மூச்சாக இறங்கினார்.

இரண்டு முறை குத்தலாம்!

சக்கர நாற்காலி டென்னிஸ் என்றதும், ஆடுகளம் சின்னதாக இருக்கும், வலை தாழ்வாக இருக்கும் என்று நினைப்பீர்கள். அதுதான் இல்லை! அதே 78 அடி நீள ஆடுகளம். நடுவில் 3 அடி உயரம் உள்ள அதே வலை. அதே பந்து, அதே மட்டை. முக்கியமாக மாறுவது ஒரு விதிதான். வழக்கமான டென்னிசில் பந்து ஒரு முறை தரையில் குத்தி எழுந்ததும் திருப்பி அடித்துவிட வேண்டும். இதில் இரண்டு முறை குத்தும்வரை நேரம் உண்டு. இரண்டாவது குத்து ஆடுகளத்தின் கோட்டுக்கு வெளியே விழுந்தாலும் பரவாயில்லை.

'அப்படியானால் இது சுலபம்தானே?' என்கிறீர்களா? யோசித்துப் பாருங்கள். காலால் ஓடுபவருக்கு மட்டையைப் பிடிக்கக் கை சும்மா இருக்கிறது. இவர்களுக்கோ கைதான் காலும்! மட்டையைப் பிடித்த கையாலேயே சக்கரத்தையும் தள்ள வேண்டும், திருப்ப வேண்டும், பந்து வந்ததும் அடிக்கவும் வேண்டும். நின்றுவிட்ட நாற்காலியை மறுபடி கிளப்புவதற்குள் பந்து போய்விடும். அதனால், எதிராளி அடிக்கும்போதும் நாற்காலி நகர்ந்துகொண்டே இருக்க வேண்டும்.

அந்த நாற்காலியும் மருத்துவமனையில் நாம் பார்க்கும் நாற்காலி அல்ல. எடை குறைவு. சக்கரங்கள் மேலே நெருங்கியும் கீழே அகன்றும் சாய்வாக இருக்கும். சட்டென்று திரும்பும்போது கவிழாமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு.

1976-ம் ஆண்டு அமெரிக்காவில் தோன்றிய இந்த விளையாட்டுக்கு, 1992-ம் ஆண்டு பார்சிலோனா பாராலிம்பிக்கில் இருந்து பதக்கங்கள் வழங்கப்படுகின்றன.

உச்சிக்குப் போனவர்

1999-ம் ஆண்டு எஸ்தர் உலகத் தரவரிசையில் முதல் இடத்தைப் பிடித்தார். 2000-ம் ஆண்டு சிட்னி பாராலிம்பிக்கில் ஒற்றையர், இரட்டையர் இரண்டிலும் தங்கம். அப்போது அவருக்கு வயது 19.

2003 ஜனவரியில், அதே சிட்னி நகரில், ஆஸ்திரேலிய வீராங்கனை டேனியலா டி டோரோவிடம் தோற்றார். ஒற்றையரில் அவருடைய கடைசித் தோல்வி அதுதான்! 2004-ல் ஏதென்ஸ் பாராலிம்பிக்கிலும் மீண்டும் இரண்டு தங்கம்.

ஒரு புள்ளி தூரத்தில்...

இவ்வளவு பெரிய வீராங்கனைக்குப் பயமே இருந்திருக்காது, எல்லாம் தானாகவே கிடைத்திருக்கும் என்று நினைத்துவிடாதீர்கள். 2008-ம் ஆண்டு பெய்ஜிங் பாராலிம்பிக் இறுதி ஆட்டத்தைக் கேளுங்கள்.

எதிரே நின்றவர் அவருடைய நாட்டைச் சேர்ந்த கோரி ஹோமன். முதல் செட்டை 6-2 என்று எஸ்தர் எடுத்தார். இரண்டாவது செட்டை 6-4 என்று ஹோமன் எடுத்தார். மூன்றாவது செட்டில் விட்டுக்கொடுக்காத போட்டி. ஒரு கட்டத்தில், ஹோமன் இன்னும் ஒரே ஒரு புள்ளி எடுத்தால் ஆட்டம் முடிந்தது, தங்கம் அவருக்கு என்ற நிலை! ஐந்து ஆண்டுகளுக்கும் மேலாகத் தோல்வியே காணாதவர், தோல்வியின் வாசலில் நின்றார்.

அந்த நேரத்தில் முந்தைய வெற்றிகள் எதுவும் உதவிக்கு வராது. அடுத்த பந்தை ஒழுங்காக அடிக்க வேண்டும். அவ்வளவுதான். எஸ்தர் அடித்தார். அந்தப் புள்ளியைக் காப்பாற்றினார். பிறகு மூன்றாவது செட்டை 7-6 என்று கைப்பற்றித் தங்கம் வென்றார். அந்த ஒரு புள்ளி போயிருந்தால், 470 என்ற எண்ணை இன்று நாம் பேசிக்கொண்டிருக்க மாட்டோம்!

'நான்தான் உலகிலேயே முதல் ஆளாயிற்றே, இனி என்ன கற்றுக்கொள்ள இருக்கிறது' என்று அவர் இருந்துவிடவில்லை. பின்னாளில் ஸ்வென் குரோனவெல்ட் என்ற பயிற்சியாளரிடமும் பயிற்சி பெற்றார். அனா இவானோவிச், மரியா ஷரபோவா போன்ற வீராங்கனைகளுக்குப் பயிற்சி அளித்தவர் அவர்.

2012-ம் ஆண்டு லண்டன் பாராலிம்பிக் இறுதியில், இன்னொரு நெதர்லாந்து வீராங்கனையான அனீக் வான் கூட்டை 6-0, 6-3 என்று எஸ்தர் வென்றார். அதுதான் அந்த 470-வது வெற்றி! நான்கு பாராலிம்பிக் போட்டிகளில் அவர் வென்ற தங்கம் மொத்தம் ஏழு. வெள்ளி ஒன்று.

ஓய்வு பெற்ற பிறகும் அவர் சும்மா இருக்கவில்லை. மாற்றுத்திறன் கொண்ட குழந்தைகள் விளையாட உதவுவதற்காக, விளையாடிக்கொண்டிருந்த காலத்திலேயே தன் பெயரில் ஓர் அறக்கட்டளையை ஏற்படுத்தியிருந்தார். டோக்கியோ பாராலிம்பிக் 2021-ல் நடந்தபோது, நெதர்லாந்துக் குழு முழுவதுக்கும் தலைமைப் பொறுப்பு ஏற்றுச் சென்றார். அந்தப் போட்டியில் அதே நாட்டின் டீடே டி குரூட் டென்னிஸ் ஒற்றையர் தங்கம் வென்றார். டீடேயும் தொடர்ந்து 145 ஆட்டங்களில் வென்றார். 2024 மே மாதம் அந்த வரிசை முடிந்தது. 470 எவ்வளவு பெரிய எண் என்று இதிலிருந்தே தெரிகிறது அல்லவா? 2023-ம் ஆண்டு எஸ்தரின் பெயர் சர்வதேச டென்னிஸ் புகழரங்கத்தில் இடம் பெற்றது.

உங்களிடம் ஒரு வேண்டுகோள்

மாணவச் செல்வங்களே! நடக்க முடியாத ஒரு தம்பியோ தங்கையோ உங்கள் வகுப்பிலும் இருக்கலாம். விளையாட்டு வகுப்பு மணி அடித்ததும் எல்லோரும் மைதானத்துக்கு ஓடுவீர்கள். அந்தப் பிள்ளை மட்டும் புத்தகப் பைகளுக்குக் காவலாக உட்கார்ந்திருக்கும். ஆசிரியராக இருந்த காலத்தில் நானும் ஒரு பிள்ளையை அப்படி உட்கார வைத்திருக்கிறேன். 'பாவம், அலைக்கழிக்க வேண்டாமே' என்று நினைத்தேன். 'உனக்கு விளையாட ஆசையா?' என்று ஒருநாள்கூடக் கேட்கவில்லை. அது என் தவறு.

எஸ்தரிடம் யாரோ மட்டையைக் கொடுத்தார்கள். பந்து இரண்டு முறை குத்தலாம் என்று யாரோ ஒரு விதியை மாற்றினார்கள். மீதியை அவர் பார்த்துக்கொண்டார்.

அடுத்த விளையாட்டு வகுப்பில் நீங்கள் அந்தப் பிள்ளையிடம் போய்க் கேளுங்கள். 'நீயும் வா' என்று கூப்பிடுங்கள். எந்த விதியை எப்படி மாற்றினால் சேர்ந்து விளையாடலாம் என்று எல்லோரும் உட்கார்ந்து யோசியுங்கள். கேட்பீர்கள்தானே?