வீடு பெயரும் முன் கணக்கை எழுதுங்கள்

மேலப்பாளையத்திலிருந்து பெங்களூருக்குக் குடிபெயர்ந்த குடும்பம் ஒன்றை நாம் அறிவோம். கணவருக்கு அங்கே நல்ல வேலை கிடைத்திருந்தது. லாரி வாடகை எவ்வளவு என்று தொலைபேசியில் நான்கு பேரிடம் விசாரித்து, எல்லோரிலும் குறைவாக 24,000 ரூபாய் கேட்டவரிடம் பொறுப்பை ஒப்படைத்தார்கள். சாமான்கள் மறுநாள் மஃரிப் நேரத்தில் புதிய வீட்டுத் தெருமுனைக்கு வந்து சேர்ந்தன. ஆனால் இறங்கவில்லை. "தெருவுக்குள் பெரிய வண்டி வராது, சிறிய வண்டி மாற்ற வேண்டும். வீடு இரண்டாம் மாடி; அதற்குத் தனிக் கூலி. அட்டைப் பெட்டிகள் பேசியதைவிட அதிகம். மொத்தம் 37,000 தந்தால்தான் இறக்குவோம்" என்றார்கள்.

கையிலிருந்த பணம் முழுவதும் வீட்டு முன்பணத்திற்குப் போய்விட்டது. அறிமுகமில்லாத ஊர், பசியால் அழும் குழந்தைகள், தெருவில் நிற்கும் சாமான்கள். அந்தச் சகோதரி தம் கையிலிருந்த இரண்டு வளையல்களைக் கழற்றிக் கொடுத்தார். அவை அடகுக் கடைக்குப் போயின. மீட்டு வர ஏறத்தாழ ஓராண்டு பிடித்தது. தலைமுறை தலைமுறையாக வட்டி நுழையாத குடும்பம் அது. வெறும் 13,000 ரூபாய்க்காக வட்டி அவ்வீட்டு வாசற்படியை மிதித்துவிட்டது.

அந்த வளையல்கள் அவருக்கு மஹராக வந்தவை என்பதையும் நாம் மறந்துவிடக் கூடாது. மஹர் மனைவியின் தனிச் சொத்து. அவர் மனமுவந்து கொடுத்தாலும், கடனாகக் கொடுத்தாரெனில் அது கணவர் தலைமேல் நிற்கும் கடனே.

இந்தக் குடும்பம் வீண்செலவு செய்யவில்லை, ஆடம்பரமும் இல்லை. செய்த தவறு ஒன்றே ஒன்று: லாரி வாடகையைத்தான் குடிபெயர்ப்புச் செலவு என்று எண்ணினார்கள். மூன்று மாதங்களுக்கு முன்பே ஒரு நோட்டுப் புத்தகத்தில் கணக்கு எழுதப்பட்டிருந்தால், அந்த வளையல்கள் கையை விட்டு இறங்கியிரா.

ஹிஜ்ரத் கற்பிக்கும் திட்டம்

தவக்குல் என்று சொல்லிக்கொண்டு திட்டமிடாமல் புறப்படுவது நம்மில் சிலரின் வழக்கம். கி.பி. 622இல் நடைபெற்ற ஹிஜ்ரத்தை நினைத்துப் பாருங்கள். அல்லாஹ்வின் உதவி நிச்சயம் என்று அறிந்திருந்த அண்ணல் நபி (ஸல்) அவர்களின் பயணத்தில் எத்தனை முன்னேற்பாடுகள்! ஹஜ்ரத் அபூபக்கர் ஸித்தீக் (ரலி) அவர்கள் இரண்டு ஒட்டகங்களை நான்கு மாதங்களாகத் தீனி போட்டு ஆயத்தமாக வைத்திருந்தார்கள். அவற்றில் ஒன்றை நபியவர்கள் இலவசமாக ஏற்காமல், விலைக்கே பெற்றுக்கொண்டார்கள். பாதை அறிந்த வழிகாட்டியாக அப்துல்லாஹ் இப்னு உரைக்கித் கூலிக்கு அமர்த்தப்பட்டார். அவர் அப்போது முஸ்லிம் அல்லர். ஆயினும் தொழிலறிந்தவர், நம்பகமானவர். எந்த நாளில் எந்த இடத்திற்கு ஒட்டகங்களைக் கொண்டுவர வேண்டும் என்பதும் அவரிடம் முன்கூட்டியே பேசி முடிக்கப்பட்டிருந்தது. வழிக்கான உணவை ஹஜ்ரத் அஸ்மா (ரலி) அவர்கள் தம் இடைக்கச்சையைக் கிழித்துக் கட்டிக் கொடுத்தார்கள். மக்கள் ஒப்படைத்திருந்த அமானிதங்களை உரியவர்களிடம் சேர்ப்பிக்க ஹஜ்ரத் அலீ (ரலி) அவர்கள் மக்காவில் நிறுத்தப்பட்டார்கள்.

வாகனம், விலை, வழிகாட்டி, நாள், உணவு, அமானிதம் ஆகிய ஆறும் ஒழுங்காக இருந்தன. நம் குடிபெயர்ப்புக் கணக்கிலும் இந்த ஆறும் இடம்பெற வேண்டும்.

லாரிக்காரரிடம் என்ன கேட்பது?

திருநெல்வேலியிலிருந்து மதுரை, திண்டுக்கல், கரூர், நாமக்கல், சேலம், கிருஷ்ணகிரி, ஓசூர் வழியாகப் பெங்களூர் ஏறத்தாழ 600 கிலோமீட்டர். இத்தகைய தூரத்திற்குத் தொலைபேசியில் சொல்லப்படும் வாடகையை நம்பவே கூடாது. வீட்டுக்கு ஆளை வரவழைத்து, ஒவ்வோர் அறையாகக் காட்டி, பீரோ முதல் கிரைண்டர் வரை சாமான் பட்டியல் எழுதச் செய்யுங்கள். புதிய வீடு எத்தனையாவது மாடி, மின்தூக்கி உண்டா, தெருவுக்குள் பெரிய வண்டி நுழையுமா என்பவற்றை நீங்களாகவே சொல்லிவிடுங்கள். கட்டும் கூலி, ஏற்றும் கூலி, இறக்கும் கூலி, மாடிக் கூலி, சுங்கச் சாவடிக் கட்டணம், ஜி.எஸ்.டி. ஆகிய அனைத்தும் அடங்கிய ஒரே தொகையை எழுத்தில் வாங்குங்கள். மூவரிடம் இவ்வாறு எழுதி வாங்கி ஒப்பிட்டால், தொலைபேசியில் குறைவாகச் சொன்னவர் பல வேளைகளில் அதிகம் கேட்பவராகத் தெரிவார்.

பணம் முழுவதையும் ஏற்றும்போதே கொடுத்துவிடாதீர்கள். ஒரு பகுதி ஏற்றும்போது, மீதி இறக்கி முடித்த பின் என்று எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் அந்த மீதித் தொகை தனி உறையில் உங்கள் பையிலேயே இருக்கட்டும். தொழிலாளியின் வியர்வை உலருமுன் கூலியைக் கொடுக்கச் சொன்ன மார்க்கம் நம்முடையது. கூலியாட்களை நாளை வா என்று அலையவிடுவது நமக்கு அழகன்று.

சரக்குச் சீட்டு இல்லாமல் வண்டியை அனுப்பாதீர்கள். சாமான் உடைந்திருந்தால், பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்திடும் முன் அதே தாளில் சேதத்தைக் குறித்துவிடுங்கள். 2007ஆம் ஆண்டின் சாலைவழிச் சரக்குப் போக்குவரத்துச் சட்டப்படி, சேதத்திற்காக வழக்குத் தொடர வேண்டுமானால், சரக்குப் பதிவான நாளிலிருந்து 180 நாட்களுக்குள் எழுத்து மூலம் அறிவிப்பு அனுப்பியிருக்க வேண்டும். சாமான்களுக்குக் காப்பீடு செய்வது பற்றிய மார்க்கத் தீர்ப்பை உங்கள் ஊர் ஆலிமிடம் கேட்டு முடிவு செய்யுங்கள். செய்வதாயின், பணம் கட்டியதற்கு ரசீது மட்டும் போதாது. காப்பீட்டுப் பத்திரத்தையே கேட்டு வாங்குங்கள்.

வணிகவரிச் சோதனைச் சாவடிச் செலவு என்று எவரேனும் கணக்குக் காட்டினால் விளக்கம் கேளுங்கள். 2017 ஜூலையில் ஜி.எஸ்.டி. நடைமுறைக்கு வந்ததும் அச்சாவடிகள் எடுக்கப்பட்டுவிட்டன. பயன்படுத்திய வீட்டுச் சாமான்களுக்கு ஈ-வே பில்லும் தேவையில்லை.

லாரியைவிடப் பெரிய செலவுகள்

இப்போது முழுக் கணக்கைப் பார்ப்போம். புரிவதற்காக ஓர் எடுத்துக்காட்டு. உங்கள் ஊருக்கும் வசதிக்கும் ஏற்பத் தொகைகளை மாற்றிக்கொள்ளுங்கள். புதிய வீட்டு வாடகை மாதம் 15,000 ரூபாய் என்று கொள்வோம்.

ஆறு மாத முன்பணம் – 90,000
முதல் மாத வாடகை – 15,000
வீட்டுத் தரகர் – 15,000
லாரி, கட்டுமானம், கூலி – 35,000
குடும்பத்தின் பயணம், வழிச்செலவு – 10,000
பிள்ளைகளின் பள்ளிச் சேர்க்கை – 40,000
திரை, மின்விசிறி மாட்டுதல், எரிவாயு இணைப்பு போன்றவை – 15,000
சம்பளம் வரும் வரை வீட்டுச் செலவு – 20,000

கூட்டினால் 2,40,000. எதிர்பாராத செலவுக்குப் பத்தில் ஒரு பங்கு 24,000 சேர்த்தால் 2,64,000 ரூபாய். இதில் லாரியின் பங்கு எட்டில் ஒரு பங்குக்குச் சற்றே அதிகம், அவ்வளவுதான்! நாமோ அந்த எட்டில் ஒரு பங்கிற்காக நாட்கணக்கில் பேரம் பேசிவிட்டு, மற்ற ஏழு பங்கைத் தலைவிதி என்று விட்டுவிடுகிறோம்.

இன்னொன்றையும் கவனியுங்கள். முன்பணம் 90,000 செலவன்று. வீட்டுக்காரரிடம் தங்கியிருக்கும் நம் பணம். எனவே அதற்கு ரசீதும் ஒப்பந்தமும் அவசியம். பழைய வீட்டுக்காரர் திருப்பித் தர வேண்டிய முன்பணம் சாவி கொடுத்த அன்றே கைக்கு வந்துவிடும் என்று மட்டும் கணக்கெழுதாதீர்கள். வெள்ளையடிப்பு, மின்கட்டணம் என்று கழிவு போக, அடுத்த குடித்தனம் வந்த பிறகே தருபவர்கள் பலர். அத்தொகையை வரவில் தாமதமாக வருவது என்று தனியே எழுதுங்கள்.

எதை ஏற்றுவது, எதை விடுவது?

இந்தப் பகுதியை இல்லத்தரசியே எழுத வேண்டும். எந்தப் பானை எந்த நாளில் அடுப்பேறும் என்பது அவருக்குத்தான் தெரியும். சாமான்களை மூன்றாகப் பிரியுங்கள்: கட்டாயம் கொண்டுபோவது, விற்பது, கொடுத்துவிடுவது. வண்டியில் அடைக்கும் இடத்திற்குத்தான் பணம். கால் ஆடும் கட்டில், துருவேறிய பீரோ, ஆண்டுக்கொரு முறை எடுக்கும் பெரிய தேக்சா ஆகியவற்றை ஏற்றிச் செல்லும் செலவோடு பழுதுபார்க்கும் செலவையும் கூட்டிப் பாருங்கள். புதிய பொருளின் பாதி விலையைத் தாண்டுமானால் விட்டுவிடுவதே இலாபம். அதை ஓர் ஏழைக் குமரின் திருமண வீட்டுக்குக் கொடுத்தால், இங்கே விட்டுப் போவது அங்கே மறுமைக்கு முன்னே போய்ச் சேரும்.

திருக்குர்ஆன், நகை, பத்திரங்கள், பிள்ளைகளின் சான்றிதழ்கள், மருந்துகள் ஆகியவற்றை வண்டியில் ஏற்றாதீர்கள். கையோடு கொண்டு செல்லுங்கள். எரிவாயு உருளையை முகவரிடம் ஒப்படைத்து, இணைப்பு மாற்றச் சீட்டையும் கட்டியிருந்த முன்பணத்தையும் பெற்றுக்கொள்ளுங்கள். புதிய ஊரில் அன்றைய விகிதப்படி முன்பணம் கட்ட நேரிடும்; கணக்கில் அதற்கும் இடம் வையுங்கள்.

மோட்டார் வாகனம் வைத்திருப்பவர்கள் வேறு மாநிலத்தில் 12 மாதங்களுக்கு மேல் வைத்து ஓட்டினால் அங்கே மறுபதிவு செய்ய வேண்டும். அதற்குப் பழைய வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தின் ஆட்சேபணையின்மைச் சான்று தேவை. புதிய மாநிலத்தில் வரியும் கட்ட வேண்டும். பழைய வண்டியானால், அந்த வரியையும் கொண்டுசெல்லும் செலவையும் பார்த்து, விற்றுவிடுவதா என்று முடிவு செய்யுங்கள்.

மாத இறுதியிலும் முதல் தேதியிலும் எல்லோரும் வீடு மாறுவதால் வண்டிக்குக் கிராக்கி அதிகம். வேலையும் பள்ளியும் இடம் தருமானால் மாத நடுவில் நாள் குறியுங்கள்.

பணத்திற்கு வழி

மூன்று மாதங்களுக்கு முன் இக்கணக்கை எழுதினால் பற்றாக்குறை எவ்வளவு என்பது அன்றே தெரிந்துவிடும். அப்போது வழிகளும் தெரியும். இடமாற்றம் நிறுவனம் தந்ததாயின் இடமாற்றச் செலவைக் கேட்டுப் பெறலாம். அதற்கு ரசீதுகளைப் பத்திரப்படுத்துங்கள். விற்கும் சாமான்களை அவசரமின்றி நல்ல விலைக்கு விற்கலாம். உறவினரிடமோ, வட்டியில்லாக் கடன் தரும் பைத்துல்மால் உள்ள ஊரானால் ஜமாஅத்திடமோ கேட்கலாம். தெருவில் லாரி நிற்கும் அந்த இரவில் இவற்றில் ஒரு வழியும் திறந்திராது. அடகுக் கடையின் வழி மட்டுமே திறந்திருக்கும்.

கடன் வாங்கினால் எழுதிக்கொள்ளுங்கள். திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் அல்பகரா அத்தியாயத்திலுள்ள 282ஆம் வசனம். கடனைத் தவணை குறித்து எழுதிக்கொள்ளவும், சாட்சிகளை வைத்துக்கொள்ளவும் அது கற்பிக்கிறது. அண்ணன் தம்பிக்குள் எழுதுவதா என்று வெட்கப்படத் தேவையில்லை. மனைவியின் நகையைப் பயன்படுத்த நேர்ந்தால் அதையும் அதே நோட்டில் கடன் என்றே எழுதுங்கள்.

விட்டுச் செல்லும் ஊருக்கு

கடைசிப் பக்கம் அமானிதங்களுக்குரியது. மளிகைக் கடைப் பற்று, பால் கணக்கு, மதரஸா கட்டணம், ஜமாஅத் சந்தா, பக்கத்து வீட்டில் இரவல் வாங்கிய சட்டி ஆகியவை ஒன்றும் நிலுவையில் நிற்கக் கூடாது. ஊரைவிட்டுப் போனவர் கடன் வைத்துப் போனார் என்ற பேச்சு, நாம் போன பிறகும் அத்தெருவில் இருக்கும். புறப்படும் முன் முஹல்லா ஜமாஅத்தில் ஒரு கடிதம் வாங்கிக்கொள்ளுங்கள். நாளை பிள்ளைகளின் நிகாஹ் நேரத்தில் அதன் அருமை தெரியும். புதிய ஊரில் முதல் வாரத்திலேயே பள்ளிவாசலுக்குச் சென்று அறிமுகமாகிக்கொள்ளுங்கள்.

நாம் தொடக்கத்தில் சொன்ன சகோதரி இப்போது வேறோர் ஊருக்குக் குடிபெயரவிருக்கிறார். இம்முறை அவர் வீட்டில் ஒரு நோட்டுப் புத்தகம் மூன்று மாதங்களாக மேசைமீது இருக்கிறது. வளையல்கள் அவர் கையிலேயே இருக்கின்றன. இன்ஷா அல்லாஹ், அங்கேயே இருக்கும்.

வல்ல ரஹ்மான் நம் இல்லங்களை வட்டியின் வாடை படாமல் காத்து, செல்லும் ஊரெங்கும் பரக்கத்தை அருள்வானாக! ஆமீன்.