வீடு போனாலும் உடைமை போவதில்லை

வாடகை வீட்டைக் காலி செய்விக்கும் தீர்ப்பு ஒன்று நிறைவேறுகின்றது என்று வைத்துக்கொள்வோம். கதவில் புதிய பூட்டு ஏறுகின்றது. குடியிருந்தவர் தெருவில் நிற்கின்றார். அவருடைய கட்டிலும் பீரோவும், பிள்ளையின் பள்ளிச் சான்றிதழும், மறைந்த தாயின் படமும் உள்ளே இருக்கின்றன. அல்லது வண்டியில் ஏறி, முன்பின் அறியாத ஒருவருடைய பண்டகசாலைக்குச் செல்கின்றன. இனி அப்பொருள்கள் யாருக்கு உரியவை?

நேற்று யாருக்கு உரியவையோ, இன்றும் அவருக்கே உரியவை. வீட்டை விட்டு வெளியேறுக என்று நீதிமன்றம் கூறிற்றே ஒழிய, உடைமையை இழந்துவிடுக என்று கூறவில்லை. ஆயினும், பொருளுக்கு உரியவர் ஒருவர்; அதைக் கைவசம் வைத்திருப்பவர் மற்றொருவர். இவ்விருவருக்கும் இடையே நடுநின்று காப்பவர் ஒருவர் வேண்டுமன்றோ? அந்தக் காவல் எவ்வாறு அமைகின்றது என்பதற்குப் பிரான்சு நாட்டுச் சட்டம் நல்லதோர் எடுத்துக்காட்டு.

அந்நாட்டில் வீட்டுக்காரர் தாமாகவே ஒருவரை வெளியேற்ற முடியாது. நீதிமன்றத்தின் ஆணை வேண்டும். அதனை நிறைவேற்றச் சட்ட அலுவலர் ஒருவர் வரவேண்டும். நம் நாட்டு அமீனாவின் பணியை ஓரளவு ஒத்தது அவர் பணி. நவம்பர் 1 முதல் மார்ச்சு 31 வரை, கடுங்குளிர்க் காலமாதலால், குடியிருப்புகளில் இவ்வேலை பொதுவாக நிறுத்தி வைக்கப்படும்.

வெளியேற்றும் நாளில், பொருள்களை எங்கே கொண்டு சேர்ப்பது என்பதைக் குடியிருந்தவரே சொல்லலாம். அவர் செலவில் அவை அங்கே சேர்க்கப்படும். அவர் இடம் எதுவும் காட்டாவிட்டால், பொருள்கள் அவ்வீட்டிலேயே விடப்படும். அல்லது வேறு தக்க இடத்தில் வைக்கப்படும். அப்போதுதான் அலுவலரின் முக்கியமான கடமை தொடங்குகின்றது. அவர் ஒவ்வொரு பொருளையும் பட்டியலில் எழுதவேண்டும். அது விலைபோகுமா, போகாதா என்று குறிக்கவேண்டும். அவை வைக்கப்பட்டுள்ள இடத்தையும், அங்கே சென்று எடுக்கும் முறையையும் தெரிவிக்கவேண்டும். பட்டியல் இல்லையேல், காணாமற்போன பொருள் இருந்ததென்று எவரால் மெய்ப்பிக்க இயலும்?

பொருள்களைத் திரும்ப எடுத்துக்கொள்ள இரண்டு மாதத் தவணை உண்டு. அது நீட்டிக்கப்படுவதில்லை. தவணை கடந்தால், விலைபோகும் பொருள்கள் பொது ஏலத்தில் விற்கப்படும். அந்தப் பணமும் வீட்டுக்காரரின் தனிச் சொத்தாகிவிடாது. செலவும் அவருக்குச் சேரவேண்டிய பாக்கியும் போக, எஞ்சியது வெளியேற்றப்பட்டவருக்கே சேரும். விலைபோகாத பொருள்கள் கைவிடப்பட்டவையாகக் கருதப்படும்.

இதற்கு ஒரு விலக்கு உண்டு. கடிதங்கள், சான்றுகள் போன்ற சொந்தத் தாள்களை எறிந்துவிடலாகாது. அவற்றை உறையிலிட்டு, முத்திரையிட்டு, இரண்டு ஆண்டுகள் அலுவலர் காத்து வைத்திருக்கவேண்டும். சந்தையில் ஒரு காசும் பெறாத தாள், ஒரு மனிதனுக்கு அவன் வாழ்க்கையின் சான்றாக இருக்கக்கூடும் என்பதைச் சட்டம் உணர்ந்திருக்கின்றது.

இதில் நீதிபதிக்கு என்ன பங்கு? முன்னர், எஞ்சிய பொருள்களின் கதியை முடிவு செய்ய நீதிபதியின்முன் விசாரணை நடைபெறும். 2019-ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்திற்குப் பின், அவ்விசாரணை தானாகவே நடைபெறுவதில்லை. தம் பொருள் விலையற்றது என்ற குறிப்பை மறுப்பவர், ஒரு மாதத்திற்குள் தாமே நீதிபதியை நாடவேண்டும். அந்த உரிமையை அறிவிப்பில் எழுதவேண்டும் என்பது விதி. காலதாமதம் குறைந்தது உண்மையே. ஆனால் காவலின் ஒரு பகுதி, வீடிழந்து அல்லலுறுபவருடைய தோளில் ஏறிவிட்டது என்பதும் உண்மையே. அறிவிப்பைப் படிக்க மாட்டாதவருக்கும், படித்தும் பொருள் விளங்காதவருக்கும் ஒரு மாதம் விரைந்து ஓடிவிடும்.

நம் நாட்டுச் சட்டத்திலும் இதனை ஒத்த கருணையைக் காணலாம். 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆம் பிரிவு, கடனுக்காகச் சொத்தைப் பற்றுகைசெய்யும்போது, கடனாளியின் குடும்பத்திற்கு வேண்டிய உடைகளையும் சமையற் பாத்திரங்களையும் படுக்கைகளையும் தொடலாகாது என்கின்றது. கைவினைஞரின் கருவிகளுக்கும் அக்காப்பு உண்டு. அது கடனைப் பற்றிய விதி; பிரான்சின் விதி வெளியேற்றத்தைப் பற்றியது. எனினும் இரண்டின் உட்கருத்தும் ஒன்றே: தோற்றவனிடமிருந்தும் எல்லாவற்றையும் பறித்தல் நீதியன்று.

மாணவர்களே, உரிமை ஏட்டில் இருந்தால் மட்டும் போதாது. அதற்குரிய நாள் கடக்குமுன், அஃது உண்டென்று உரியவர் அறியவேண்டும். எழுத்தறிந்த நீங்கள், அக்கம்பக்கத்தில் ஒருவருக்கு நீதிமன்ற அறிவிப்பு ஒன்று வருமானால், அதனை வாங்கி, முழுதும் படித்து, தவணை நாளை எடுத்துச் சொல்லுங்கள். அந்தச் சிறு உதவியால் ஒரு குடும்பத்தின் உடைமைகள் காக்கப்படலாம்.