ஓட்டு வீடா? மழைக்கு முன்னாடி கூரை ஓரத்தை ஒருமுறை பாருங்க!

அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்கு பருவமழை காலம். ஓட்டு வீட்டில் இருப்பவர்கள் ஒழுகும் இடத்தில் மட்டும் ஓடு மாற்றிவிட்டு நிம்மதியாகி விடுகிறார்கள். ஆனால் கூரையின் பலவீனமான பகுதி அதன் ஓரங்கள்தான். ஏன் தெரியுமா?

காற்று முதலில் தூக்குவது ஓரத்தை

மங்களூர் ஓடுகள் ரீப்பரில் மாட்டி, பெரும்பாலும் சொந்த எடையில்தான் நிற்கின்றன. நடுவில் உள்ள ஓடுகளை நாலு பக்கமும் பக்கத்து ஓடுகள் பிடித்துக்கொள்ளும். ஓரத்து ஓடுகளுக்கு ஒரு பக்கம் துணை இல்லை. பலத்த காற்று கூரை மேல் பாயும்போது மேலே காற்றழுத்தம் குறைந்து, ஓடுகள் தூக்கப்படும். இந்த இழுப்பு ஓரத்திலும் மூலையிலும்தான் அதிகம். ஒரு ஓடு போனால் அடுத்ததும் ஆட்டம் காணும்.

மூன்று ஓரங்கள், மூன்று வேலைகள்

முகடு: இரண்டு சரிவும் சேரும் உச்சி. முகட்டு ஓடுகளின் பூச்சில் விரிசல் விட்டால் தண்ணீர் நேராக உத்திரத்துக்கு இறங்கும். விரிசலைச் சுரண்டி எடுத்துவிட்டு புதிதாகப் பூச வேண்டும்.

இறவாணம்: சுவரைத் தாண்டி நீளும் கீழ் ஓரம். மழைநீரைச் சுவரில் படாமல் தள்ளி விழ வைப்பது இதுதான். இங்கே கைமரத்தின் நுனி நனைந்து உளுத்துப்போகும். ஸ்க்ரூ டிரைவரால் குத்திப் பாருங்கள். சுலபமாக இறங்கினால் மரம் போச்சு என்று அர்த்தம்.

பக்க ஓரம்: முக்கோணச் சுவர் மேல் முடியும் இடம். இங்கே பூச்சு பெயர்ந்திருந்தால் காற்றும் மழையும் உள்ளே புகும்.

என்ன செய்யலாம்?

* ஓரத்து வரிசை ஓடுகளை ரீப்பரோடு துருப்பிடிக்காத கம்பியால் கட்டலாம். பல ஓடுகளின் அடியில் அதற்கென்றே சிறு துளை இருக்கும்.
* தகர வாய்க்காலில் சேர்ந்த சருகுகளை அள்ளிவிடுங்கள். அடைத்தால் தண்ணீர் சுவர்ப் பக்கம் திரும்பும்.
* தண்ணீர் சொட்டும் இடத்தில் ஜல்லி போட்டால் மண் தெறித்து சுவர் அடி அரிக்காது.

அலட்சியம் வேண்டாம்

மண் சுவர் வீடுகளில் இது உயிர் சம்பந்தப்பட்ட விஷயம். ஊறிய சுவர் இரவில் இடிந்து விழுந்து உயிரிழப்பு என்ற செய்தி ஒவ்வொரு மழைக்காலத்திலும் வருகிறது. சுவர் உப்பியிருந்தாலோ, புது விரிசல் தெரிந்தாலோ அந்தப் பக்கம் படுக்காதீங்க.

ஈர ஓட்டில் ஏறவே கூடாது. ஓரத்தில் மின்கம்பி இருந்தால் மின்சாரத்தை நிறுத்தாமல் கை வைக்காதீங்க. காய்ந்த நாளில், அனுபவமுள்ள ஆளை வைத்து வேலையை முடிப்பதே பாதுகாப்பு.