அப்பா பழக்கிய இடது கால்!

வலது காலில் மாவுக்கட்டு. பையனுக்கு வயது 4. தொடை எலும்பு முறிந்துவிட்டது. ‘கால் பழையபடி ஆகுமா, ஓடியாடுவானா?’ என்பதுதான் எந்த வீட்டிலும் அப்போது எழுகிற முதல் கேள்வி. சுரங்கத் தொழிலாளியான அந்த அப்பாவுக்கும் அந்தக் கவலை இருந்திருக்கும். ஆனால், அவர் அதோடு நிற்கவில்லை. ஒரு பந்தை எடுத்துவந்து மகன் முன்னால் போட்டார். வலது கால்தானே கட்டில் இருக்கிறது... இடது கால் சும்மாதானே இருக்கிறது? அந்தக் காலால் உதைக்கச் சொன்னார்.

பையன் உதைத்தான். அப்பா மறுபடியும் போட்டார். மறுபடியும் உதைத்தான். கட்டுப் பிரித்த பிறகும் இந்தப் பயிற்சி நிற்கவில்லை. பல வருடங்கள் கழித்து, எந்தக் காலால் அடிப்பார் என்று கோல்கீப்பர்களால் கணிக்க முடியாத ஒரு ஸ்டிரைக்கராக அந்தப் பையன் வளர்ந்தான். ஸ்பெயின் தேசிய அணிக்காக 59 கோல்கள். அந்த நாட்டின் ஆண்கள் அணியில் வேறு யாரும் இத்தனை கோல் அடித்ததில்லை. அவர்தான் டேவிட் வில்லா.

நிலக்கரி ஊர்

ஸ்பெயின் என்றதும் நம் நினைவுக்கு வருவது வெயிலும் கடற்கரையும்தான். வில்லா பிறந்த அஸ்துரியாஸ் அப்படியல்ல. நாட்டின் வடக்கே மழையும் மலையும் நிலக்கரியுமாக இருக்கும் பகுதி அது. அங்கே லாங்ரியோவை ஒட்டிய துயியா என்ற சின்ன ஊரில், 1981 டிசம்பர் 3 அன்று பிறந்தார். அப்பா சுரங்கத்தில் வேலை பார்த்தார். பூமிக்குள் இறங்கியவர் பத்திரமாக மேலே வருகிற ஒவ்வொரு நாளும் நல்ல நாள் என்று நினைக்கும் வீடுகள் நிறைந்த ஊர்.

வில்லாவுக்கு ஸ்பெயின் முழுக்க ஒரு செல்லப்பெயர் உண்டு, ‘எல் குவாஹே’. அஸ்துரியாஸ் பேச்சுவழக்கில் ‘பொடியன்’ என்று அர்த்தம். சுரங்கங்களில் நிலக்கரி வெட்டும் தொழிலாளிக்கு எடுபிடியாக இருக்கும் இளைஞனையும் இப்படித்தான் அழைப்பார்கள். சுரங்கத்துக்குள் இறங்கவேண்டிய அவசியமே வராத வில்லா, சுரங்கத்தின் பெயரை மட்டும் கடைசிவரை சுமந்தார். 38 வயதில் ஓய்வு பெறும்போதும் அவர் ‘பொடியன்’தான்!

உயரம் 1.75 மீட்டர். கால்பந்தில் முன்கள வீரர்களுக்கு இது அதிகமான உயரம் இல்லை. சிறுவனாக இருந்தபோது, பக்கத்து நகரமான ஒவியேதோவின் கிளப் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. லாங்ரியோவின் இளையோர் அணியில் ஆடிவிட்டு, ஒவியேதோவின் பரம வைரியான ஸ்போர்ட்டிங் ஹிஹோன் கிளப்புக்குப் போனார். அங்கேதான் கதவு திறந்தது.

கடன் தீர்க்க விற்ற வீரர்

ஸ்போர்ட்டிங் ஹிஹோன் அப்போது இரண்டாவது டிவிஷனில் ஆடிக்கொண்டிருந்தது. முழுமையாக ஆடிய முதல் இரண்டு சீசன்களில் வில்லா அடித்த லீக் கோல்கள் 18, 20. சொந்த மண்ணின் பையன், கோலாக அடித்துத் தள்ளுகிறான். எந்த ரசிகன் அவனை விடுவான்? ஆனால், கிளப் கடனில் தவித்தது. வீட்டுச் செலவுக்கு நகையை விற்பதுபோல, 2003-ல் வில்லாவை ரியல் ஸரகோஸாவுக்கு விற்றார்கள்.

முதல் டிவிஷனுக்கு அப்போதுதான் மேலே வந்திருந்த அணி ஸரகோஸா. ‘இரண்டாவது டிவிஷனில் அடித்தது சரி... இங்கே அடிக்க முடியுமா?’ என்ற கேள்விக்கு, முதல் சீசனிலேயே 17 லீக் கோல்களால் பதில் சொன்னார். 2004 ‘கோபா டெல் ரே’ இறுதிப்போட்டி. எதிரணி, பெக்காமும் ஜிடேனும் ஆடிய ரியல் மாட்ரிட். கூடுதல் நேரம்வரை போன அந்த ஆட்டத்தில் 3-2 என்று ஸரகோஸா ஜெயித்தது. பெனால்டியில் ஒரு கோல் வில்லாவுடையது.

2005-ல் 12 மில்லியன் யூரோவுக்கு வலென்சியா அவரை வாங்கியது. வில்லாவின் பொற்காலம் அங்கேதான் தொடங்கியது. முதல் சீசனிலேயே 25 லீக் கோல்கள். அந்த வருடம் அதிக கோல் அடித்த சாமுவேல் எட்டோவைவிட ஒன்றுதான் குறைவு. ஐந்து சீசன்களில் லீக்கில் மட்டும் 100 கோல்களைத் தாண்டினார்.

ஆனால், அங்கேயும் அதே கதை. வலென்சியா கடனில் மூழ்கியது. 2009-ல் புது ஸ்டேடியத்தின் கட்டுமானமே பாதியில் நின்றது. 2010-ல் 40 மில்லியன் யூரோ கொடுத்து வில்லாவை வாங்கிக்கொண்டது பார்சிலோனா. அவர் அடித்த கோல்கள் மட்டுமல்ல, அவரை விற்று வந்த பணமும் கிளப்புகளைக் காப்பாற்றியது!

கடைசி ஆட்டத்தில் இல்லாத நாயகன்

ஸ்பெயின் கால்பந்தில் அப்போது ஒரு பெரிய கேள்வி ஓடிக்கொண்டிருந்தது. நாட்டின் செல்லப்பிள்ளையான ரவுல் தேசிய அணியில் இல்லை. அவருடைய 7-ம் நம்பர் ஜெர்ஸியை யார் போட்டாலும் ஒப்பீடு வரும். அந்த ஜெர்ஸி வில்லாவிடம் வந்தது.

2008 யூரோ கோப்பையின் முதல் ஆட்டத்திலேயே ரஷ்யாவுக்கு எதிராக ஹாட்ரிக். அடுத்து ஸ்வீடனுக்கு எதிராக, ஆட்டம் டிராவில் முடியப்போகிறது என்று எல்லோரும் நினைத்த இஞ்சுரி டைமில் வெற்றி கோல். அரையிறுதியில் மீண்டும் ரஷ்யா. அரை மணி நேரம் தாண்டியதும் காயத்தோடு வெளியேறினார். இறுதிப்போட்டியில் ஆட முடியவில்லை. ஃபெர்னாண்டோ டோரஸ் அடித்த கோலில் ஜெர்மனியை வீழ்த்தி, 44 வருடங்களுக்குப் பிறகு ஸ்பெயின் ஒரு பெரிய கோப்பையைத் தூக்கியது. தொடரில் அதிக கோல் அடித்தவர், 4 கோல்களோடு வில்லா. ஆனால், உலகம் நினைவில் வைத்திருப்பது டோரஸின் அந்த ஒரு கோலைத்தான்.

எட்டில் ஐந்து

2010 உலகக் கோப்பை. தென்னாப்பிரிக்கா. முதல் ஆட்டத்திலேயே ஸ்விட்சர்லாந்திடம் 0-1 என்று தோற்றுப்போனது ஸ்பெயின். இன்னொரு ஆட்டம் சறுக்கினால் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான். அங்கிருந்து அணியைத் தோளில் தூக்கிக்கொண்டார் வில்லா.

ஹோண்டுராஸுக்கு எதிராக 2 கோல்கள். அதே ஆட்டத்தில் ஒரு பெனால்டியை வெளியே அடித்ததும் அவர்தான். அடுத்து சிலி. கோல்கீப்பர் பிராவோ முன்னால் ஓடிவந்து தடுத்த பந்து, இடது ஓரத்தில் இருந்த வில்லாவிடம் வந்தது. கோல்போஸ்ட் வெகு தொலைவில். நிறுத்தி, வலது காலுக்கு மாற்றிக்கொண்டிருந்தால் பிராவோ திரும்பியிருப்பார். வில்லா நிறுத்தவில்லை. வந்த பந்தை வந்தபடியே இடது காலால் அடித்தார். அது காலியான வலைக்குள் போய் விழுந்தது. துயியாவில் ஒரு அப்பா உருட்டிவிட்ட பந்துகளுக்கெல்லாம் சேர்த்து வந்த பலன் அது.

நாக்-அவுட்டில் போர்ச்சுகல், 1-0. கோல், வில்லா. காலிறுதியில் பராகுவே, 83-வது நிமிடம். பெட்ரோ அடித்த பந்து போஸ்ட்டில் மோதித் திரும்புகிறது. வில்லா அடிக்கிறார். பந்து ஒரு போஸ்ட்டில் மோதி, குறுக்கே ஓடி, இன்னொரு போஸ்ட்டிலும் மோதி, பிறகுதான் உள்ளே போனது. ஸ்பெயின் மொத்தமும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்த சில விநாடிகள்!

அந்தத் தொடரில் ஸ்பெயின் அடித்தது மொத்தமே 8 கோல்கள். அதில் 5 வில்லாவுடையது. முல்லர், ஸ்னைடர், ஃபோர்லான் ஆகியோரும் ஐந்தைந்து கோல்கள் அடித்திருக்க, சக வீரர்களின் கோலுக்கு அதிகம் உதவிய கணக்கில் தங்கக் காலணி ஜெர்மனியின் முல்லருக்குப் போனது. வில்லாவுக்கு வெள்ளி. இறுதிப்போட்டியின் கூடுதல் நேரத்தில் அவரை வெளியே எடுத்தார்கள். அடுத்த பத்து நிமிடங்களில் இனியஸ்டா அடித்த கோலில் ஸ்பெயின் முதன்முறையாக உலக சாம்பியன் ஆனது. வரலாற்றில் அந்தப் படம் இனியஸ்டாவுடையது. அந்தப் படம்வரை அணியைக் கூட்டிவந்தவர் அப்போது பெஞ்சில் இருந்தார்.

யோகோஹாமாவில் முறிந்த கால்

பார்சிலோனாவில் நடுவில் ஆட மெஸ்ஸி இருந்தார். அதனால் வில்லா இடது ஓரத்துக்கு நகர வேண்டியிருந்தது. கோல் அடித்தே பேர் வாங்கிய ஒருவர், இன்னொருவருக்கு இடம் உருவாக்கித் தரும் வேலையை ஏற்றுக்கொள்வது சுலபமில்லை. வில்லா ஏற்றுக்கொண்டார். 2010 நவம்பரில் ரியல் மாட்ரிட்டை 5-0 என்று நொறுக்கிய ஆட்டத்தில் 2 கோல்கள் அவருடையவை. 2011 மே மாதம் வெம்பிளியில் நடந்த சாம்பியன்ஸ் லீக் இறுதிப்போட்டியில், மான்செஸ்டர் யுனைடெட்டுக்கு எதிரான மூன்றாவது கோலும் அவருடையதுதான். அதற்கு இரண்டு மாதங்கள் முன்புதான், கிரனாடாவில் செக் குடியரசுக்கு எதிராக 2 கோல்கள் அடித்து, ரவுலின் 44 கோல் சாதனையைத் தாண்டியிருந்தார்.

எல்லாம் கைகூடி வந்த நேரம். 2011 டிசம்பர் 15. ஜப்பானின் யோகோஹாமாவில் கிளப் உலகக் கோப்பை அரையிறுதி. கத்தார் நாட்டின் அல் சத் அணியோடு ஆட்டம். ஓடிவந்து கால் ஊன்றியபோது தடுமாறி விழுந்தார். முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்துவிட்டது.

எந்தக் கால் தெரியுமா? இடது கால். வலது கால் முறிந்தபோது, அதற்குப் பதிலாக அப்பா பழக்கிய அதே இடது கால்!

30 வயது நிறைந்து 12 நாட்கள்தான் ஆகியிருந்தன. ஒரு ஸ்டிரைக்கரின் பலமே திடீரென எடுக்கும் ஓட்டமும் திருப்பமும்தான். 2012 யூரோ கோப்பைக்குள் தேறிவிட வேண்டும் என்று போராடினார். முடியவில்லை. அவர் இல்லாமலே ஸ்பெயின் கோப்பையை வென்றது. எட்டு மாதங்கள் கழித்து, 2012 ஆகஸ்டில் ரியல் சொசிடாட் அணிக்கு எதிராக மாற்று வீரராக உள்ளே வந்தார். வந்த ஆட்டத்திலேயே கோல். ஜெர்ஸியைத் தூக்கிக் காட்டினார். உள்ளே இருந்த பனியனில், மனைவிக்கும் மகள்களுக்கும் நன்றி எழுதியிருந்தார். வலியில் கிடந்த நாட்களில் யார் கூட இருந்தார்கள் என்பதை ஸ்டேடியமே படித்தது.

குதிகாலில் ஒரு விடைகொடுப்பு

அதற்குப் பிறகு பார்சிலோனாவில் அவருக்குப் பழைய இடம் கிடைக்கவில்லை. 2013-ல், வாங்கிய விலையில் எட்டில் ஒரு பங்குக்கு அட்லெட்டிகோ மாட்ரிட்டுக்குக் கொடுத்துவிட்டார்கள். கழித்துக்கட்டப்பட்ட வீரர் என்ன செய்வார்? 13 லீக் கோல்கள் அடித்தார். 18 வருடங்களாக லீக் பட்டத்துக்குக் காத்திருந்த அட்லெட்டிகோ, அந்த சீசனில் சாம்பியன் ஆனது. பட்டத்தை உறுதிசெய்த கடைசி ஆட்டம் நடந்த இடம், பார்சிலோனாவின் சொந்த மைதானமான கேம்ப் நூ.

2014 உலகக் கோப்பையில் நெதர்லாந்திடமும் சிலியிடமும் தோற்று, முதல் சுற்றிலேயே வெளியேறியது ஸ்பெயின். அந்த இரண்டு ஆட்டங்களிலும் வில்லா களமிறக்கப்படவில்லை. மூன்றாவது ஆட்டம் ஆஸ்திரேலியாவோடு, குரிட்டிபாவில். ஜெயித்தாலும் தோற்றாலும் ஒன்றுதான். வில்லாவுக்கு மட்டும் அப்படியில்லை. தேசிய அணிக்கு அதுதான் கடைசி என்று நினைத்து ஆடினார். 36-வது நிமிடம், வலது பக்கமிருந்து வந்த பந்தைக் குதிகாலால் தட்டி வலைக்குள் தள்ளினார். 59-வது கோல். 56-வது நிமிடம் மாற்று வீரருக்கான பலகையில் அவருடைய எண். வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்தவர் கண்ணீரை அடக்க முடியாமல் அழுதார். அந்தக் கால் ஆடத் தயாராகத்தான் இருந்தது. நாட்காட்டிதான் ஒத்துக்கொள்ளவில்லை.

பொடியனின் ஓய்வு

‘இனி அமெரிக்காவில் போய் ஓய்வெடுப்பார்’ என்றுதான் பலரும் நினைத்தார்கள். புதிதாகத் தொடங்கப்பட்ட நியூயார்க் சிட்டி கிளப் ஒப்பந்தம் செய்த முதல் வீரர் வில்லா. 2016-ல் அமெரிக்க லீக்கின் மிகச் சிறந்த வீரர் விருது. அந்த கிளப்புக்காக நான்கு சீசன்களில் 80 கோல்கள். அங்கே அவர் ஆடிய ஆட்டத்தைப் பார்த்து, 2017 செப்டம்பரில் ஸ்பெயின் மறுபடி அழைத்தது. இத்தாலிக்கு எதிராகக் கடைசி நிமிடங்களில் உள்ளே வந்தபோது, மாட்ரிட்டின் பெர்னபூ மைதானம் எழுந்து நின்று கைதட்டியது. அது அவருடைய 98-வது சர்வதேச ஆட்டம்.

கடைசி வருடம் ஜப்பானின் விஸ்ஸல் கோபே அணியில், பழைய தோழர் இனியஸ்டாவோடு ஆடினார். 2020 ஜனவரி 1 அன்று டோக்கியோவின் புதிய தேசிய ஸ்டேடியத்தில் பேரரசர் கோப்பை இறுதிப்போட்டி. கோபே 2-0 என்று ஜெயித்தது. அந்த கிளப்பின் முதல் பெரிய கோப்பை. அதோடு விடைபெற்றார் வில்லா. இடது கால் முறிந்த அதே ஜப்பானில், கையில் கோப்பையோடு ஓய்வு! அதன்பின், 2021-ல் நம் ஊர் ஒடிசா எஃப்.சி கிளப்புக்கும் ஆலோசனை சொல்ல வந்தார்.

அஸ்துரியாஸின் நிலக்கரிச் சுரங்கங்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டுவிட்டன. சுரங்கத்தில் ‘குவாஹே’ என்று கூப்பிடவும் இப்போது ஆளில்லை. ஆனால், ஸ்பெயினில் கால்பந்து பார்க்கிற யாரிடமும் ‘எல் குவாஹே’ என்று சொல்லுங்கள், டேவிட் வில்லாவின் பெயரைத்தான் சொல்வார்கள்.

பிள்ளைக்கு ஒரு கால் முறிந்தபோது, இன்னொரு கால் இருக்கிறது என்று காட்டிய அப்பா கிடைத்தது அவருடைய அதிர்ஷ்டம். அந்த இன்னொரு காலும் முறிந்தபோது மறுபடி எழுந்து ஓடினாரே... அது அவருடைய உழைப்பு!